ஐந்து காப்புகளும் கைவிட்ட இரவு: கிட்லாப் தரவுத்தள அழிவு பற்றிய நிகழ்வு ஆய்வு

எதைப் பற்றியது

2017 ஜனவரி 31, செவ்வாய்க்கிழமை நள்ளிரவை ஒட்டி, நிரலாளர்கள் தங்கள் நிரலைச் சேமித்துப் பகிர்ந்துகொள்ளும் கிட்லாப் டாட் காம் தளத்தின் முதன்மைத் தரவுத்தளம் அழிந்தது. வெளியாள் யாரும் புகுந்து அழிக்கவில்லை. தளத்தைத் தூக்கி நிறுத்துவதற்காக நேரங்கெட்ட நேரத்திலும் உட்கார்ந்திருந்த பொறியாளர் ஒருவர், ஒரு சர்வரில் கொடுக்க வேண்டிய கட்டளையை இன்னொரு சர்வரில் கொடுத்துவிட்டார். ஏறத்தாழ 300 ஜிபி இருந்த இடத்தில் மிஞ்சியது 4.5 ஜிபி. தளம் 18 மணி நேரத்துக்கு மேல் முடங்கிக் கிடந்தது. இந்திய நேரப்படி பிப்ரவரி 1 அதிகாலை ஐந்து மணி தொடங்கி, அன்றிரவு பன்னிரண்டை நெருங்கும்வரை. அந்தத் தளத்தை நம்பியிருந்த நம் ஊர் அலுவலகங்களுக்கு ஒரு முழு வேலைநாள் போயிற்று.

மென்பொருள் வட்டாரத்தில் இந்தச் சம்பவத்தைக் கேள்விப்படாதவர்கள் குறைவு. ஆனால் பேச்சு பெரும்பாலும் "பேக்கப்பை அவ்வப்போது சோதித்துப் பாருங்கள்" என்பதோடு நின்றுவிடும். அது சரியான அறிவுரைதான், மறுக்கவில்லை. ஆனால் அன்று ஒழுங்காக வேலை செய்த பேக்கப் ஒன்றுகூட இல்லை. அப்படியிருந்தும் தளம் மீண்டது. கட்டளையைக் கொடுத்த மனிதரும் மீண்டார். எது தாங்கிப் பிடித்தது என்பதுதான் எனக்குச் சுவாரசியமான கேள்வி.

சம்பந்தப்பட்டவர்களின் பெயர்கள் இங்கே வராது. அதே ஆண்டு பிப்ரவரி 10 அன்று நிறுவனம் வெளியிட்ட விரிவான அறிக்கையும் பொறியாளர்களின் பெயர்களைத் தவிர்த்தே எழுதப்பட்டது. கட்டளையைக் கொடுத்தவரை முதல் பொறியாளர் என்றும், பிறகு பொறுப்பை ஏற்றவரை இரண்டாம் பொறியாளர் என்றும் குறிப்பிடுகிறேன். நேரங்கள் எல்லாம் யுடிசி, அதாவது உலகப் பொது நேரம். முதல் பொறியாளர் இருந்த ஊரில் கடிகாரம் அதைவிட ஒரு மணி நேரம் முன்னால் ஓடியது என்பதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

பின்னணி

கிட்லாப் ஊழியர்கள் பல நாடுகளில் சிதறி, அவரவர் வீட்டிலிருந்து வேலை செய்பவர்கள். பக்கத்து மேசையில் யாரும் இல்லை. "என்னப்பா, முகம் ஒரு மாதிரி இருக்கே, கிளம்பு, நான் பார்த்துக்கிறேன்" என்று சொல்ல ஆள் கிடையாது. ஒருவர் எவ்வளவு களைத்திருக்கிறார் என்பது அரட்டைப் பெட்டியில் தெரியாது.

தளத்தின் தரவுத்தளம் போஸ்ட்கிரெஸ்க்யூஎல் என்ற மென்பொருளில் ஓடியது. இரண்டு சர்வர்கள்: டிபி1, டிபி2. எல்லாச் சுமையையும் டிபி1 சுமந்தது. டிபி2 அதன் மாற்றங்களை உடனுக்குடன் பிரதி எடுத்துக்கொண்டு, டிபி1 விழுந்தால் இடத்தைப் பிடிக்கத் தயாராக நின்றது. சர்வர்களின் முழுப் பெயர்களை அடுத்தடுத்து எழுதினால், வித்தியாசம் ஓர் இலக்கம் மட்டும்தான். கட்டளைகளைத் தட்டும் திரையான டெர்மினலில் இரண்டும் ஒரே நிறத்தில், ஒரே தோற்றத்தில் தெரியும்.

எல்லா வாசிப்பையும் ஒரே சர்வர் தாங்குவது சரிப்படாது என்று அவர்களுக்கே தெரிந்திருந்தது. அதற்காகத்தான் அன்று முதல் பொறியாளர், பிஜிபூல் என்ற கருவியைக் கொண்டு சுமையைப் பல சர்வர்களுக்குப் பிரித்துக் கொடுக்க முடியுமா என்று சோதனைச் சூழலில் முயன்றுகொண்டிருந்தார். சோதனை உண்மைக்கு நெருக்கமாக இருக்க, புதிய தரவு வேண்டும். வழக்கமாக முதன்மைத் தரவுத்தளத்தின் எல்விஎம் ஸ்னாப்ஷாட் (வட்டு அந்தக் கணத்தில் இருந்த நிலையின் நகல்) ஒன்று 24 மணி நேரத்துக்கு ஒருமுறை, இரவு 01:00 மணிக்குத் தானாக எடுக்கப்பட்டு, சோதனைச் சூழலுக்குப் போகும். அது பழையதாகிவிட்டது என்பதால், 17:20 மணியளவில் அவர் கையாலேயே புதிதாக ஒன்றை எடுத்துக்கொண்டார். ஆபத்துக்கென்று எடுத்ததல்ல, தன் சோதனைக்காக எடுத்தது.

மாலை: சுமை ஏறுகிறது

19:00 மணி வாக்கில் டிபி1 மீது சுமை கூடத் தொடங்கியது. முதலில் எரிதக்காரர்களின், அதாவது ஸ்பேம் பரப்புபவர்களின் வேலை என்று நினைத்தார்கள். அதில் உண்மையும் இருந்தது. துண்டு நிரல்களைச் சரமாரியாக உருவாக்கிக்கொண்டிருந்த கணக்குகள் முடக்கப்பட்டன. வேறொருவர் தன் களஞ்சியத்தைக் கோப்பு விநியோகக் கூடம்போல வைத்திருந்ததில், ஒரே கணக்கின் பெயரில் 47,000 ஐபி முகவரிகள் உள்ளே வந்துகொண்டிருந்தன. அந்தக் கணக்கும் நீக்கப்பட்டது.

பின்னால்தான் இன்னொரு காரணம் தெரிந்தது. விஷமி ஒருவர் கிட்லாப் ஊழியர் ஒருவரின் கணக்கைப் பற்றியே முறைகேடு என்று புகார் கொடுத்திருந்தார். அந்தக் கணக்கு தவறுதலாக நீக்கப் பட்டியலுக்குப் போய்விட்டது. ஊழியரின் கணக்கு என்றால் ஆண்டுக்கணக்கில் சேர்ந்த தரவு. அதையெல்லாம் அழிக்கும் வேலை பின்னணியில் ஓடி, தரவுத்தளத்தை மூச்சுத் திணற வைத்தது. 21:00 மணிக்குப் பலரால் தளத்தில் ஒரு கருத்துக்கூட எழுத முடியவில்லை.

பிரதி அறுந்தது

சுமை ஏறியதும் டிபி2 பின்தங்கத் தொடங்கியது. 22:00 மணியளவில் அது ஏறத்தாழ 4 ஜிபி பின்னால் இருந்தது. பிறகு பிரதி எடுப்பதே நின்றுபோனது. டிபி2 படிக்க வேண்டிய மாற்றப் பதிவுக் கோப்புகளை டிபி1 ஏற்கெனவே தன் பக்கத்தில் துப்புரவு செய்துவிட்டிருந்தது. அந்தக் கோப்புகளைத் தனியாக எங்காவது சேமித்து வைக்கும் வழக்கம் அங்கே இல்லை. ஆக ஒரே வழி: டிபி2-இல் இருப்பதை மொத்தமாக அழித்துவிட்டு, டிபி1-இலிருந்து முதலிலிருந்து நகலெடுப்பது.

இங்கே கடிகாரத்தைப் பார்க்க வேண்டும். முதல் பொறியாளருக்கு அப்போது உள்ளூர் நேரம் இரவு 11. அன்றைக்கு வேலையை முடித்துக்கொள்கிறேன் என்று அவர் முன்பே சொல்லியிருந்தார். பிரதி விழுந்ததால் உட்கார்ந்துவிட்டார்.

டிபி2-ஐத் துடைத்துவிட்டு பிஜி_பேஸ்பேக்கப் என்ற நகலெடுக்கும் கட்டளையை ஓட்டினார்கள். அது, டிபி1-இல் பிரதி இணைப்புகளுக்கான இடம் போதாது என்று முறையிட்டது. எண்ணிக்கையைக் கூட்டினார்கள். கூட்டியதும் டிபி1 தொடங்கவே மறுத்தது. காரணம், ஒரே நேரத்தில் எத்தனை இணைப்புகள் என்ற வரம்பு 8,000 என்று வைக்கப்பட்டிருந்தது. அதை 2,000 ஆகக் குறைத்ததும் தொடங்கியது. சரி, இனி நகல் ஓடும் என்று பார்த்தால், கட்டளை எதுவும் சொல்லாமல் அப்படியே நின்றது. பிழைச் செய்தி இல்லை, முன்னேற்றமும் இல்லை. கணினி உள்ளே என்ன செய்கிறது என்று எட்டிப் பார்க்கும் கருவிகளும் உருப்படியாக ஒன்றும் காட்டவில்லை.

அந்த மௌனம் இயல்பானது என்று பிறகு தெரிந்தது. முதன்மை சர்வர் தரவை அனுப்பத் தொடங்கும்வரை பிஜி_பேஸ்பேக்கப் ஒரு வார்த்தையும் பேசாமல் காத்திருக்கும். இது கிட்லாப்பின் செயல்முறைக் குறிப்புகளிலும் இல்லை, அந்தக் கருவியின் அதிகாரபூர்வ ஆவணத்திலும் தெளிவாக இல்லை. பழுதே இல்லாத ஒன்றைப் பழுது என்று நினைத்து, நள்ளிரவில் ஒருவர் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். எரிச்சல் தலைதூக்கத் தொடங்கியது என்று அன்றிரவு அவர்கள் உடனுக்குடன் எழுதிவந்த குறிப்பே சொல்கிறது. இந்த ஆய்வில் எனக்கு மிகவும் முக்கியமாகப் படும் வரி அது.

தவறான சர்வர்

23:00 மணி தாண்டியது. முந்தைய முயற்சிகளில் டிபி2-இன் தரவுக் கோப்புறைக்குள் ஏதேனும் சிதறிக் கிடக்கிறதோ, கோப்புறை முழுக்கக் காலியாக இருந்தால்தான் கட்டளை நகருமோ என்று முதல் பொறியாளர் யோசித்தார். நியாயமான யோசனைதான். கோப்புறையை அடியோடு அழிக்கும் கட்டளையைத் தட்டினார்.

ஓரிரு விநாடியில் கண்ணில் பட்டது: திறந்திருந்தது டிபி1-இன் டெர்மினல்.

23:27-க்குக் கட்டளையை நிறுத்தினார். கணினிகள் அழிப்பதில் மட்டும் தாமதம் செய்வதில்லை. டிபி2 முன்பே துடைக்கப்பட்டது, டிபி1 இப்போது போயிற்று. ஒன்று விழுந்தால் இன்னொன்று என்று வைத்திருந்த இரண்டும் ஒரே நேரத்தில் காலி.

இருந்த ஐந்தும்

அடுத்து அவர்கள் செய்தது, எங்கெங்கே நகல் இருக்கிறது என்று தேடியது. இந்தப் பகுதியைப் படிக்கும்போது எந்த நிர்வாகிக்கும் வயிற்றைக் கலக்கும்.

நாள்தோறும் தரவை முழுதாக எடுத்து அமேசானின் எஸ்3 சேமிப்பகத்துக்கு அனுப்பும் பேக்கப் இருந்தது. போய்ப் பார்த்தால் எஸ்3-இல் அதற்கென்று இருந்த சேமிப்பிடம் காலி. தரவுத்தளம் போஸ்ட்கிரெஸ்க்யூஎல் 9.6 பதிப்பு, பேக்கப் எடுக்கும் பிஜி_டம்ப் கருவியோ 9.2 பதிப்பில் ஓடிக்கொண்டிருந்தது. எந்தப் பதிப்பு வேண்டும் என்பதைத் தரவுக் கோப்புறையைப் பார்த்து முடிவு செய்யும் ஏற்பாடு அது. பேக்கப் ஓடியதோ தரவுக் கோப்புறையே இல்லாத வேறொரு சர்வரில். அதனால் பழைய பதிப்பை எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு முறையும் பிழையோடு நின்றிருக்கிறது. தோற்றால் மின்னஞ்சல் வர வேண்டும். மின்னஞ்சலும் போயிருக்கிறது. ஆனால் அனுப்புநரைச் சரிபார்க்கும் டிமார்க் ஏற்பாடு அந்தத் தானியங்கி அஞ்சல்களுக்குச் செய்யப்படாததால், பெறும் பக்கம் அவற்றைத் திருப்பி அடித்துவிட்டது. பேக்கப் தோற்றது, தோற்றதைச் சொல்லும் ஏற்பாடும் தோற்றது. இரண்டும் சத்தமில்லாமல்.

சர்வர்கள் ஓடிய, மைக்ரோசாஃப்டின் அஷ்யூர் மேகத்தின் வட்டு ஸ்னாப்ஷாட் வசதி? கோப்புச் சர்வர்களுக்கு இயக்கப்பட்டிருந்தது. தரவுத்தளச் சர்வர்களுக்கு இல்லை. மற்ற பேக்கப்கள்தான் இருக்கின்றனவே என்ற எண்ணம். பிரதி எடுக்கும் முறை சில ஷெல் நிரல்களை நம்பி ஓடிய, சரியாக எழுதி வைக்கப்படாத ஒன்று. அதன் கதியை மேலே பார்த்தோம். சோதனைச் சூழலுக்குத் தரவு போகும் வழி, போகிற போக்கில் வெப்ஹுக்குகளை (தளத்தில் ஏதேனும் நடந்தால் வெளித் தளங்களுக்குத் தானாகச் செய்தி அனுப்பும் அமைப்புகளை) நீக்கிவிடும். சோதனைத் தளத்திலிருந்து வெளியாருக்குத் தவறுதலாகச் செய்தி பறந்துவிடக் கூடாது என்பதற்காகச் செய்த ஏற்பாடு.

ஐந்து பேக்கப், பிரதி முறைகளில் ஒன்றுகூட நம்பகமாக வேலை செய்யவில்லை, அல்லது ஆரம்பத்திலேயே அமைக்கப்படவில்லை என்று அவர்கள் தங்கள் பொதுக் குறிப்பிலேயே எழுதினார்கள்.

மிஞ்சியது, மாலை 17:20-க்கு முதல் பொறியாளர் தன் சோதனைக்காக எடுத்த அந்த ஸ்னாப்ஷாட். அதை அவர் எடுக்காமல் விட்டிருந்தால், கடைசியாகக் கையில் இருந்திருப்பது முந்தைய இரவு 01:00 மணி நகல். இழப்பு ஆறு மணி நேரத்திலிருந்து ஏறத்தாழ ஒரு நாளாகியிருக்கும். அழித்த கையும் காப்பாற்றிய கையும் ஒன்றே. இது அதிர்ஷ்டம்தான், திட்டமல்ல. அதை எவ்வளவு பாராட்டினாலும் தாங்குதிறன் என்ற கணக்கில் எழுத முடியாது.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

முதல் முடிவு, சொன்னது. தவறு தெரிந்ததும் முதல் பொறியாளர் அதை மறைக்கவில்லை, நாமே சரிசெய்து பார்ப்போம் என்று இன்னும் நாலு கட்டளை தட்டவும் இல்லை. எளிதாகத் தோன்றும், ஆனால் இந்தத் தொழிலில் இருப்பவர்களுக்குத் தெரியும்: அந்த நிமிடத்தில் உடம்பு முழுக்க "யாருக்கும் தெரிவதற்கு முன் சரிசெய்துவிடு" என்றுதான் சொல்லும். அப்படிச் செய்யப்போய் மிஞ்சியதையும் கெடுத்தவர்கள் உண்டு.

இரண்டாவது, ஒப்படைத்தது. இன்றைக்கு இனிமேல் சூடோ எனும் முழு நிர்வாக அதிகாரத்தோடு எதையும் தான் ஓட்டாமல் இருப்பதே நல்லது என்று முதல் பொறியாளர் கருதுவதாகவும், மீட்பு வேலையை இரண்டாம் பொறியாளரிடம் கொடுப்பதாகவும் குறிப்பில் பதிவாகியிருக்கிறது. அவரை யாரும் வெளியே தள்ளவில்லை. தன் நிதானம் குலைந்திருக்கிறது என்பதைத் தானே கணக்கில் எடுத்துக்கொண்டு, கையை மட்டும் விலக்கிக்கொண்டார். அன்றிரவு நடந்தவற்றிலேயே முதிர்ச்சியான தொழில்நுட்ப முடிவு எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன். மீட்பு என்பது அழிக்கும் கட்டளைகளும் எழுதும் கட்டளைகளும் நிறைந்த வேலை. கடைசி நகல் ஒன்றே ஒன்று இருக்கும்போது, நடுங்கும் கையில் அதைக் கொடுக்கக் கூடாது.

மூன்றாவது, திறந்து வைத்தது. தரவைத் தவறுதலாக அழித்துவிட்டோம் என்று ட்விட்டரில் அறிவித்து, உள்ளே எழுதிக்கொண்டிருந்த கூகுள் டாக்ஸ் குறிப்பையே பொதுவில் திறந்துவிட்டார்கள். பிறகு மீட்பு வேலையை யூடியூபில் நேரலையாகவும் காட்டினார்கள். ஒரு கட்டத்தில் ஏறத்தாழ 5,000 பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பயனர்கள் அலைக்கழியவில்லை, வதந்திக்கு இடமில்லை.

இதில் எனக்கு முழு உடன்பாடு இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். அந்தக் குறிப்பில் முதலில் பொறியாளர்களின் பெயரெழுத்துகள் இருந்தன. ஓர் ஆளின் மிக மோசமான இரவு, அவருடைய எரிச்சல் உள்பட, அடையாளத்தோடு உலகத்தின் முன் போனது. உலகம் அன்று பெருந்தன்மையாக நடந்துகொண்டது. நடந்துகொள்ளாமல் இருந்திருந்தால்? நிறுவனம் பிறகு பெயரெழுத்துகளை விட்டுவிட்டு வெறும் எண்ணிட்ட உறுப்பினர்களாகக் குறிப்பிட்டது சரியான திருத்தம். நடந்ததை எல்லாருக்கும் காட்டலாம். ஆளைக் காட்ட வேண்டியதில்லை.

அடுத்து, எந்த நகலை எப்படிக் கொண்டுவருவது என்ற கேள்வி. சோதனைச் சூழலின் தரவை உற்பத்திச் சர்வருக்கு, அதாவது பயனர்களுக்கான உண்மைத் தளம் ஓடும் சர்வருக்கு, நகர்த்துவது என்று முடிவானது. அதற்கு முன், அழிவில் மிஞ்சிய துணுக்குகளையும் சுருட்டித் தனியே வைத்தார்கள். எதையும் தூக்கி எறியாமல் முதலில் பத்திரப்படுத்தியது நல்ல ஒழுக்கம்.

ஒரு நீண்ட பகல்

பிப்ரவரி 1, 01:58-க்கு நகலெடுப்பு தொடங்கியது. சோதனைச் சூழல், அஷ்யூரின் பழைய வகைக் கட்டமைப்பில், மலிவான வட்டுகளில் இருந்தது. வேகம் நொடிக்கு ஏறத்தாழ 60 மெகாபிட். 300 ஜிபியை அந்த வேகத்தில் நகர்த்தக் கணக்குப் போட்டால் 11 மணி நேரம் வரும். செய்ய ஒன்றுமில்லை, எண் ஏறுவதைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதுதான். சோதனைத் தளத்துக்கு எதற்கு வேகமான வட்டு என்று யோசித்து மிச்சப்படுத்திய காசு, அன்று மணிக்கணக்கில் வசூலானது.

தரவு வந்து சேர்ந்ததும் ஒரு நுணுக்கமான வேலை செய்தார்கள். அட்டவணைகளில் அடுத்து கொடுக்கப்பட வேண்டிய வரிசை எண்களை எல்லாம் 1,00,000 கூட்டிவிட்டார்கள். தொலைந்த ஆறு மணி நேரத்தில் யாருக்கோ கொடுக்கப்பட்ட எண், மறுபடியும் வேறொருவருக்குப் போனால், பழைய இணைப்பு புதிய ஆளின் பொருளைத் திறந்து காட்டிவிடும் அல்லவா? அதைத் தடுக்க. களைப்பின் உச்சத்தில் இருக்கும் குழுவுக்கு இது தோன்றியது பெரிய விஷயம்.

17:00 மணிக்குத் தரவுத்தளம் வெப்ஹுக்குகள் இல்லாமல் எழுந்தது. மூல ஸ்னாப்ஷாட்டிலிருந்து, வெப்ஹுக்குகளை நீக்கும் படியைத் தவிர்த்துத் தனியாக ஒரு தரவுத்தளத்தை எழுப்பி, அந்த ஓர் அட்டவணையை மட்டும் எடுத்துச் சேர்த்தார்கள். 18:14-க்குத் தளம் திறந்தது.

இழப்பு

17:20 முதல் நள்ளிரவு வரை தரவுத்தளத்தில் பதிவான மாற்றங்கள் போயின. நிறுவனத்தின் மதிப்பீட்டில் ஏறத்தாழ 5,000 திட்டங்கள், 5,000 கருத்துகள், 700 புதிய கணக்குகள். நிரல் களஞ்சியங்களும் விக்கிகளும் வேறிடத்தில் இருந்ததால் தப்பின. முடக்கத்தின்போது எட்ட முடியவில்லையே தவிர, ஒன்றும் தொலையவில்லை. 5,000 கருத்துகள் என்பது கேட்கச் சிறிய எண். அதில் ஒன்றை ஒரு மணி நேரம் யோசித்து எழுதியவருக்கு அப்படி இருக்காது.

ஆளின் பக்கம்

நேரலையில் பார்வையாளர்கள் கேட்ட கேள்விகளில் ஒன்று எதிர்பார்த்ததுதான்: யார் செய்தது, வேலையைவிட்டுத் தூக்குவீர்களா? ஒருவர் தவறு செய்தார், அவரை நீக்கப்போவதில்லை என்று நிறுவனம் அப்போதே, தரவு திரும்பி வருமா என்று உறுதியாகாத நேரத்திலேயே சொல்லிவிட்டது. இந்த நேரம்தான் முக்கியம். எல்லாம் நல்லபடியாக முடிந்த பிறகு மன்னிப்பது யாருக்கும் எளிது.

இணையத்தில் ஹக்ஆப்ஸ் (சர்வர்களை இயக்குபவர்களுக்கு ஓர் அணைப்பு) என்ற அடையாளச் சொல்லோடு ஆறுதல் செய்திகள் குவிந்தன. எழுதியவர்களில் பலர் தாங்களும் இதுபோல எதையோ அழித்தவர்கள்.

மருத்துவ உலகில் இதைப் பற்றிக் கூடுதலாக யோசித்திருக்கிறார்கள். சிகிச்சையில் தவறு நேர்ந்தால் முதலில் பாதிக்கப்படுபவர் நோயாளி. அந்தத் தவறைச் செய்துவிட்டு உள்ளுக்குள் நொறுங்கும் மருத்துவரோ செவிலியரோ இரண்டாவது பாதிக்கப்பட்டவர் என்று 2000-இல் ஆல்பர்ட் வூ என்ற அமெரிக்க மருத்துவர் எழுதினார். அப்படிப்பட்டவர்களைத் தனியே விட்டால், ஒதுங்கிப் போவார்கள், அல்லது அடுத்த தவறை மறைக்கப் பழகுவார்கள். மென்பொருளில் உயிர் போவதில்லை என்பது பெரும்பாலும் சரி. ஆனால் மறைக்கப் பழகுவது இங்கேயும் அப்படியே நடக்கும்.

கிட்லாப்பின் அறிக்கை ஏன், ஏன் என்று அடுக்கிக் கேட்டுக்கொண்டு போனது. தரவு ஏன் போனது என்பதில் தொடங்கி, பேக்கப் ஏன் வேலை செய்யவில்லை, ஏன் யாரும் சோதிக்கவில்லை என்று இறங்கி, கடைசியில் அது எங்கே நின்றது தெரியுமா? அந்த வேலைக்கு உரிமையாளர் என்று யாரும் இல்லை, அதனால் சோதிக்கும் பொறுப்பும் யாருக்கும் இல்லை. கேள்வியை "யார்" என்று தொடங்கியிருந்தால் முதல் பொறியாளரின் பெயரோடு விசாரணை முடிந்திருக்கும்; பதிப்பு மாறிய பிஜி_டம்ப்பும், திரும்பிப் போன மின்னஞ்சலும் அப்படியே இருந்திருக்கும். தலைமைச் செயல் அதிகாரி தன் பெயரில் பயனர்களிடம் மன்னிப்புக் கேட்டார். முதல் பொறியாளர் அதன் பிறகும் பல ஆண்டுகள் அங்கேயே வேலை பார்த்தார்.

நிறுவனம் மாற்றியவை

அறிக்கையின் முடிவில் 14 வேலைகளைப் பட்டியலிட்டார்கள். பேக்கப் ஓடியதா என்பதைக் கண்காணிப்புத் திரையில் காட்டுவது, எடுத்த பேக்கப்பைத் தானாகவே மீட்டுப் பார்த்துச் சோதிப்பது, எல்விஎம் ஸ்னாப்ஷாட்டை மணிக்கு ஒருமுறை எடுப்பது, மாற்றப் பதிவுகளைச் சேமித்து வைத்து எந்த நேரப் புள்ளிக்கும் திரும்ப வழி தேடுவது, பிரதிக்கான செயல்முறைக் குறிப்பைத் திருத்துவது, தரவின் பாதுகாப்புக்குப் பொறுப்பாக ஒருவரை நியமிப்பது. மிகச் சிறிய வேலை ஒன்றும் அதில் உண்டு: எந்தச் சர்வரில், எந்தச் சூழலில் இருக்கிறோம் என்பது பளிச்சென்று தெரியும்படி டெர்மினலின் முகப்பு வரியை மாற்றுவது.

எல்லாம் தேவையானவை. ஆனால் பட்டியலில் ஆளைப் பற்றி ஒன்றும் இல்லை. கிளம்புகிறேன் என்று சொன்னவர் ஏன் கிளம்ப முடியவில்லை, அந்த நேரத்தில் விழித்திருந்த வேறு யாரிடமாவது ஏன் வேலை மாறவில்லை என்ற கேள்விக்கு அந்த 14-இல் பதில் கிடையாது. அன்று அவரை நன்றாக நடத்தினார்கள், சந்தேகமில்லை. அது அங்கிருந்தவர்களின் நல்ல குணத்தால் நடந்தது. அடுத்த முறை வேறு ஆட்கள் இருந்தாலும் அப்படியே நடக்க எதுவும் எழுதி வைக்கப்படவில்லை.

இதே நிலையில் இன்று மாற்ற வேண்டியவை

அழிப்பதற்குப் பதில் பெயரை மாற்றுவது. தரவுக் கோப்புறையை வேறு பெயருக்கு மாற்ற ஒரு நொடி போதும், திரும்ப மாற்ற இன்னொரு நொடி. வட்டில் இடம் இருக்கும்வரை, நகலெடுத்து முடித்துச் சரிபார்த்த பிறகு பழையதை அழித்தால் போதும். டிபி1-இல் அன்று பெயர் மட்டும் மாறியிருந்தால் சில நிமிடத் தடங்கலோடு போயிருக்கும்.

கருவியே தடுப்பது. அதே ஆண்டு பிப்ரவரி 28 அன்று அமேசானின் எஸ்3 சேவை வட வர்ஜீனியா வட்டாரத்தில் சில மணி நேரம் விழுந்தது. கட்டணக் கணக்கிடும் முறையில் பழுது பார்த்துக்கொண்டிருந்த ஒருவர் கட்டளையில் ஒரு மதிப்பைத் தவறாகக் கொடுக்க, நினைத்ததைவிட அதிகச் சர்வர்கள் கழன்றன. அவர்கள் செய்த திருத்தம், அந்தக் கருவி சர்வர்களை மெதுவாகவே கழற்றும், குறைந்தபட்ச எண்ணிக்கைக்குக் கீழே போக விடாது என்பது. நிறம் மாற்றிய டெர்மினல் கண்ணை நம்புகிறது. இது கண்ணை நம்பவில்லை. இரண்டில் எது நள்ளிரவில் நிற்கும் என்று எனக்குச் சந்தேகமில்லை.

இரண்டாவது ஜோடிக் கண்கள். உற்பத்தித் தரவுத்தளத்தில் அழிக்கும் கட்டளை எதுவானாலும், திரையைப் பகிர்ந்து இன்னொருவர் சர்வர் பெயரை வாய்விட்டுப் படித்த பிறகே தட்டுவது. சின்னக் குழுக்களில் நடைமுறைக்கு ஒத்துவராது என்பார்கள். பிரதி அறுந்த இரவில் தளம் ஒரு சர்வரில் ஓடிக்கொண்டுதான் இருந்தது. காலையில் பார்ப்போம் என்று ஆறப்போட்டிருக்கவும் முடியும். ஆபத்துதான், ஆனால் நடந்ததைவிடக் குறைந்த ஆபத்து. அவசரம் எது, அவசரம் போலத் தெரிவது எது என்று பிரித்துச் சொல்ல, விளிம்பில் நிற்காத இன்னொருவர் தேவைப்படுகிறார்.

அப்புறம், ஒப்படைக்கும் விதி. ஒரு சிக்கலில் இத்தனை மணி நேரம் இருந்தவர் விலகி, புதியவர் வர வேண்டும் என்பதை அவசரப் பணி அட்டவணையிலேயே எழுதிவிடுவது. தவறு நேர்ந்தால், செய்தவர் மீட்பில் கட்டளை தட்டாமல், தெரிந்ததைச் சொல்ல மட்டும் உடன் இருப்பார் என்பதையும். முதல் பொறியாளர் இதைத் தானாகச் செய்தார். எல்லாருக்கும் அந்த நேரத்தில் அந்தத் தெளிவு வராது. விதியாக இருந்தால், விலகுவது தண்டனையாகவும் தெரியாது. மறுநாள் அவரிடம் யார் பேசுவது, எத்தனை நாள் ஓய்வு, பொதுக் குறிப்பில் பெயரெழுத்துகூட வராமல் யார் பார்த்துக்கொள்வது என்பதும் அதே பக்கத்தில் வர வேண்டும்.

பின்னர்

2018 ஆகஸ்டில் கிட்லாப் டாட் காம் அஷ்யூரைவிட்டு கூகுள் மேகத்துக்கு மாறியது. 2021 அக்டோபரில் நிறுவனம் நாஸ்டாக் பங்குச் சந்தையில் பட்டியலானது. 2017-இல் எழுதிய அந்த அறிக்கையை அவர்கள் இன்னும் நீக்கவில்லை.